வங்கிக் கடன் வழக்கில் எக்ஸ்-பார்ட்டி டிக்ரி: ரத்து செய்யக் கேட்பது எப்படி?

கோர்ட் ஊழியரான அமீனா வாசலில் வந்து நிற்கும்போதுதான் பலருக்குத் தெரிகிறது, தன் பேரில் வங்கி வழக்குப் போட்டு, அது நடந்து, டிக்ரியும் (தீர்ப்பாணை) ஆகிவிட்டது என்று. இல்லாவிட்டால் கம்பெனியில் சம்பளம் போடும் கிளார்க் கூப்பிட்டு, "அண்ணே, உங்க சம்பளத்துல பிடிக்கச் சொல்லி கோர்ட்டுல இருந்து பேப்பர் வந்திருக்கு" என்கிறார். உடனே வாயில் வருவது ஒன்றுதான்: "எனக்கு யாரும் சொல்லவே இல்லையே!" நீதிமன்றம் கேட்டுக்கொள்ளக்கூடிய வாதமும் ஏறக்குறைய அதுதான். அதை எத்தனை நாளுக்குள் சொல்கிறோம், எந்தக் காகிதத்தைக் காட்டிச் சொல்கிறோம் என்பதைப் பொறுத்து மனு நிற்கும் அல்லது விழும்.

ஒரு உதாரணத்தை வைத்துக்கொள்வோம். வில்லாபுரத்தில் வாடகை வீட்டில் இருந்த ஒருவர், செல்போன் கடை வைக்க வங்கியில் 4 லட்சம் கடன் வாங்கினார். மேலூரில் இருக்கும் மச்சான் ஜாமீன் கையெழுத்துப் போட்டார். கடை ஓடவில்லை. குடும்பத்தோடு திருப்பூருக்குப் போய் பனியன் கம்பெனியில் சேர்ந்துவிட்டார். வங்கியில் இருப்பது பழைய வில்லாபுரம் முகவரிதான். வங்கி மதுரை நீதிமன்றத்தில் அசல் வழக்கு தாக்கல் செய்கிறது. சம்மன் வில்லாபுரத்துக்குப் போகிறது. பக்கத்து வீட்டுக்காரர், "அவங்க காலி பண்ணிட்டுப் போய் ரொம்ப நாளாச்சே" என்கிறார். சம்மன் திரும்பி வருகிறது. வங்கி வக்கீல் பேப்பரில் விளம்பரம் கொடுக்க அனுமதி வாங்குகிறார். ஒரு நாளிதழின் உள்பக்கத்தில் சின்னக் கட்டத்தில் பெயர் வருகிறது. அடுத்த வாய்தாவில் டவாலி பெயரைக் கூப்பிடுகிறார், யாரும் வரவில்லை. நீதிபதி 'செட் எக்ஸ்-பார்ட்டி' என்று எழுதுகிறார்.

இதற்குப் பொருள், பிரதிவாதி இல்லாமலேயே வழக்கு நடக்கும் என்பதுதான். வங்கி அதிகாரி பிரமாண வாக்குமூலம் தாக்கல் செய்வார், கடன் பத்திரமும் கணக்கு நகலும் சான்றாவணமாகக் குறிக்கப்படும், டிக்ரி ஆகும். எதிரில் ஆள் இல்லை என்பதற்காகக் கேட்டதை எல்லாம் கேட்டபடி கொடுத்துவிடக் கூடாது, வாதி தன் வழக்கை நிரூபிக்கத்தான் வேண்டும். ஆனால் ஒரு பக்கம் மட்டும் பேசும்போது அந்த நிரூபணம் எவ்வளவு தூரம் சோதிக்கப்படும் என்பது உங்களுக்கே தெரியும்.

எக்ஸ்-பார்ட்டி ஆனதும் டிக்ரி ஆனதும் ஒன்றல்ல. புதிதாகக் கேட்பவர்கள் பெரும்பாலும் குழம்புவது இங்கேதான். எக்ஸ்-பார்ட்டி ஆகி, வழக்கு இன்னும் விசாரணையில் இருந்தால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆர்டர் 9 ரூல் 7-இன் கீழ் மனு போட்டு, முன்பு வராததற்கு நல்ல காரணம் சொல்லி உள்ளே வந்துவிடலாம். அது சுலபம். வாதங்கள் முடிந்து தீர்ப்புக்கு ஒத்திவைத்துவிட்டால் அந்த வழி அடைபடும். டிக்ரி ஆனபிறகு போக வேண்டியது ஆர்டர் 9 ரூல் 13. இந்தக் கட்டுரை முக்கியமாக அதைப் பற்றித்தான்.

ரூல் 13 கேட்பது என்ன

இரண்டே காரணங்களில் ஒன்று இருந்தால் போதும். சம்மன் முறையாகச் சார்வு ஆகவில்லை, அதாவது உங்களிடம் சேர்க்கப்படவில்லை என்பது ஒன்று. சம்மன் வந்தது உண்மை, ஆனால் அந்த நாளில் வர முடியாதபடி போதிய காரணம் இருந்தது என்பது இன்னொன்று. கவனியுங்கள், 'நான் கடன்பட்டிருக்கிறேனா' என்ற கேள்வி இந்த இரண்டிலுமே இல்லை. மனுவில் நான்கு பக்கத்துக்கு வங்கி மேனேஜர் எப்படி ஏமாற்றினார் என்று எழுதிவிட்டு, சம்மன் விஷயத்தை இரண்டு வரியில் முடித்துவிடுபவர்கள் உண்டு. அந்த மனுவைப் படிக்கும் நீதிபதி தேடுவது அந்த இரண்டு வரியைத்தான். கடனைப் பற்றிய உங்கள் வாதம் நேர்மையானது, பேசத் தகுந்தது என்று ஒரு பத்தியில் காட்டினால் போதும். மிச்சம் எதிருரைக்கு, அதாவது வழக்குக்கு நீங்கள் எழுத்தில் தரும் பதிலுக்கு.

சம்மன் சார்வு என்பதில் சில நுணுக்கங்கள் உண்டு. நீங்கள் வீட்டில் இல்லாதபோது, சீக்கிரம் திரும்புவீர்கள் என்ற நிலையும் இல்லையென்றால், கூட வசிக்கும் வயதுவந்த குடும்ப உறுப்பினர் ஆணோ பெண்ணோ வாங்கினால் அது உங்களுக்குக் கொடுத்ததாகவே கணக்கு. வேலைக்காரர் குடும்ப உறுப்பினர் ஆகமாட்டார், சட்டமே அப்படிச் சொல்கிறது. தபால்காரரிடம் வாங்க மறுத்தாலும் சார்வுதான். "கோர்ட்டு பேப்பர்னா வாங்காதே" என்று வீட்டில் சொல்லி வைப்பவர்கள் தங்களுக்குத் தாங்களே குழி வெட்டுகிறார்கள். மறுத்தால் கதவில் ஒட்டிவிட்டுப் போய்விடுவார்கள், வழக்கு நடக்கும்.

சம்மனில் சின்னக் குறை இருக்கிறது, அப்பாவின் பெயரில் ஒரு எழுத்து தப்பு, கதவு எண் பழையது என்பதை மட்டும் பிடித்துக்கொண்டு தொங்கவும் முடியாது. வழக்கு தேதி உங்களுக்குத் தெரிந்திருந்தது, வருவதற்கு அவகாசமும் இருந்தது என்று நீதிமன்றம் கண்டால், சார்வில் இருந்த குறைக்காக மட்டும் டிக்ரி ரத்தாகாது. 1976-இல் சேர்த்த விதி இது.

'போதிய காரணம்' என்பதற்குச் சட்டத்தில் பட்டியல் இல்லை. ஆஸ்பத்திரியில் இருந்தேன் என்றால் டிஸ்சார்ஜ் சம்மரி வேண்டும். வீட்டில் சாவு என்றால் இறப்புச் சான்று. வக்கீல் வாய்தா தேதியைத் தப்பாகக் குறித்துவிட்டார் என்றால் அவருடைய டைரிப் பக்கமும், முடிந்தால் அவரே தரும் அபிடவிட்டும் (பிரமாண வாக்குமூலம்). வக்கீல் மேல் பழிபோடும் மனுக்களை நீதிபதிகள் தினமும் பார்க்கிறார்கள், அதனால் வெறும் வார்த்தை எடுபடாது.

நாள் கணக்கு

கெடு 30 நாள். 1963-ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 123-ஆவது பிரிவுக்கூறு அப்படிச் சொல்கிறது. எந்த நாளிலிருந்து எண்ணுவது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. சம்மன் முறையாக வந்திருந்தால் டிக்ரி ஆன நாளிலிருந்து. முறையாக வரவில்லை என்றால் டிக்ரி ஆனது உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து. அதோடு ஒரு விளக்கமும் இருக்கிறது: பேப்பர் விளம்பரம் போன்ற மாற்றுச் சார்வை இந்தக் கெடுவைக் கணக்கிடுவதற்கு முறையான சார்வாக எடுத்துக்கொள்ளக் கூடாது. நம் வில்லாபுரத்துக்காரருக்கு இது பெரிய உதவி. விளம்பரத்தின் பேரில் வழக்கு நடந்தது சரிதான், ஆனால் அவருடைய 30 நாள், கிளார்க் கூப்பிட்டுச் சொன்ன அன்றைக்குத்தான் தொடங்குகிறது.

அதனால் தெரியவந்த அந்த நாளைப் பத்திரப்படுத்துங்கள். ஈ.பி. (டிக்ரியை நிறைவேற்றக் கேட்டு வங்கி போடும் மனு) நோட்டீஸ் வந்த கவரைத் தூக்கிப் போடாதீர்கள், அதில் தபால் முத்திரை இருக்கிறது. கம்பெனிக்கு வந்த சம்பள ஜப்தி உத்தரவின் நகலை, வந்த தேதியோடு கேட்டு வாங்குங்கள். வாட்ஸ்அப்பில் யாராவது படம் எடுத்து அனுப்பியிருந்தால் அதை அழிக்காதீர்கள். வங்கித் தரப்பு கட்டாயம் கேட்கும்: "போன வருஷமே கலெக்‌ஷன் ஏஜென்ட் போனில் சொன்னாரே, அப்பவே தெரியுமே?"

30 நாள் தாண்டிவிட்டால் கதை முடிந்ததா? இல்லை. அதே காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 5-இன் கீழ் தாமதத்தை மன்னிக்கக் கேட்டு இன்னொரு மனு சேர்த்துப் போட வேண்டும். 1998-இல் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில், எக்ஸ்-பார்ட்டி டிக்ரியை ரத்து செய்யக் கேட்பதில் ஏற்பட்ட 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னித்தது. எத்தனை நாள் என்பது முக்கியமில்லை, சொல்லும் விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே அளவுகோல் என்றது. இதை எல்லா வக்கீலும் மேற்கோள் காட்டுவார்கள். ஆனால் அதை நம்பி அசட்டையாக இருக்காதீர்கள். அண்மைக் காலத் தீர்ப்புகளில் கண்டிப்பு கூடியிருக்கிறது, 'எனக்குச் சட்டம் தெரியாது' என்ற ஒற்றை வரிக்கு இப்போது மதிப்பில்லை. தெரிந்த நாளிலிருந்து மனு போட்ட நாள்வரை என்ன செய்தேன் என்று வரிசையாகச் சொல்ல வேண்டும்: இந்தத் தேதியில் தெரிந்தது, இந்தத் தேதியில் மதுரை வந்தேன், நகலுக்கு மனு போட்டேன், இந்தத் தேதியில் நகல் கிடைத்தது.

முதலில் வழக்குக் கட்டைப் பாருங்கள்

மனு எழுத உட்காருவதற்கு முன் வழக்கு எண் வேண்டும். ஈ-கோர்ட்ஸ் செயலியில் மதுரை மாவட்டத்தைத் தேர்ந்தெடுத்து, உங்கள் பெயரையும் ஆண்டையும் போட்டுத் தேடலாம், கட்டணம் இல்லை. பெயரின் ஆங்கில எழுத்து வங்கியில் எப்படி இருக்கிறதோ அப்படி மாற்றி மாற்றிப் போட்டுப் பாருங்கள். மதுரையில் இல்லாவிட்டால் மேலூர், திருமங்கலம், உசிலம்பட்டி நீதிமன்றங்களிலும் தேடுங்கள், கடன் கொடுத்த கிளை எங்கே இருக்கிறதோ அதைப் பொறுத்து. கிடைத்ததும் டி.என். என்று தொடங்கும் 16 எழுத்து சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள தனி அடையாள எண்) குறித்துக்கொள்ளுங்கள்.

அப்புறம் வக்கீல் மூலம் வழக்குக் கட்டைப் பார்வையிடுங்கள். டிக்ரியைப் புரட்டுவதற்கு முன் சம்மனைத் தேடுங்கள். அதன் பின்பக்கத்தில் அமீனா கையால் எழுதிய குறிப்பு இருக்கும். 'மேற்படி முகவரியில் வீடு பூட்டியிருந்தது, கதவில் ஒட்டி சார்வு செய்தேன்' என்று இருக்கலாம். 'விசாரித்ததில் காலி செய்து போய்விட்டதாகத் தெரிகிறது' என்று இருக்கலாம். சாட்சி கையெழுத்து இருக்கிறதா, ஒட்டிய தேதி எது, அந்தத் தேதியில் நீங்கள் எங்கே இருந்தீர்கள், தபால் கவரில் 'முகவரியில் இல்லை' என்ற முத்திரையா, 'வாங்க மறுப்பு' என்ற முத்திரையா? வில்லாபுரத்துக்காரரிடம் திருப்பூர் வாடகை ஒப்பந்தமும், பிள்ளைகளின் பள்ளி மாற்றுச் சான்றிதழும், அந்தக் காலத்துச் சம்பளச் சீட்டும் இருந்தால் இந்தக் குறிப்போடு பொருத்திக் காட்டிவிடலாம். வங்கிக்கு அவருடைய புது முகவரி தெரியும் என்று காட்ட முடிந்தால் இன்னும் பலம். கே.ஒய்.சி. புதுப்பித்தபோது திருப்பூர் முகவரியைக் கொடுத்திருந்து, அதற்குப் பின்னும் வில்லாபுரத்துக்கே சம்மன் அனுப்பினார்கள் என்றால் வங்கி பதில் சொல்லித்தான் ஆகவேண்டும்.

ஒன்று சொல்ல வேண்டும். கட்டில் உங்கள் மனைவி கையெழுத்துப் போட்டு வாங்கிய சம்மன் இருந்தால், 'சம்மனே வரவில்லை' என்று அபிடவிட் போடாதீர்கள். பொய் அபிடவிட்டால் மனு போவது மட்டுமல்ல, அந்த நீதிபதி முன் பிறகு எது சொன்னாலும் சந்தேகத்தோடுதான் கேட்பார். வந்தது, இன்ன காரணத்தால் வர முடியவில்லை என்று இரண்டாவது வழியில் போவதுதான் புத்திசாலித்தனம்.

மனு போட்டபிறகு

மனு, டிக்ரி கொடுத்த அதே நீதிமன்றத்தில்தான். வங்கிக்கு நோட்டீஸ் போகாமல் ரத்து செய்ய முடியாது, எனவே வங்கி உங்கள் மனுவுக்குப் பதில் போடும், சில வாய்தா போகும். வழக்குக்கான உங்கள் எதிருரையையும் அப்போதே தயாராக வைத்திருங்கள், வழக்கை இழுத்தடிக்க வரவில்லை என்பதற்கு அதைவிட நல்ல அத்தாட்சி கிடையாது. மனு போட்டதால் ஈ.பி. தானாக நிற்காது. ஜப்தியோ ஏலமோ நெருங்கியிருந்தால் ஸ்டே தனியாகக் கேட்க வேண்டும்.

நீதிமன்றம் நிபந்தனையோடு ரத்து செய்யலாம்: வங்கிக்கு இவ்வளவு செலவுத்தொகை கொடு, இவ்வளவு தொகையைக் கோர்ட்டில் கட்டு, இந்தத் தேதிக்குள். அந்தத் தேதியைத் தவறவிட்டால் மனு தள்ளுபடி என்றே உத்தரவு இருக்கும். கெடுவுக்கு முந்தின நாள் பணம் புரட்ட ஓடாமல், நிபந்தனை வரும் என்று எதிர்பார்த்தே கொஞ்சம் ஏற்பாடு செய்துவைப்பது நல்லது.

ரூல் 13 மனு தள்ளுபடி ஆனால் சி.எம்.ஏ. எனப்படும் மேல்முறையீடு உண்டு. தாமத மன்னிப்பு மனு தள்ளுபடி ஆனால் சீராய்வு மனு, அதற்கு ஒத்தக்கடையில் 2004 முதல் இயங்கும் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். டிக்ரியையே எதிர்த்து நேரடியாக அப்பீல் போகவும் உரிமை உண்டு. ரூல் 13 மனு, இந்த அப்பீல் இரண்டையும் சேர்த்தே தொடங்கலாம், ஆனால் அப்பீல் முதலில் முடிவாகிவிட்டால் ரூல் 13 மனு செல்லாது. நீங்களே அப்பீலை வாபஸ் வாங்கியிருந்தால் மட்டும் விதிவிலக்கு. வராததற்குக் காரணம் வலுவாக இருப்பவர் ரூல் 13-ஐ முதலில் பிடித்துக்கொள்வதே என் கணக்கில் சரி.

ரத்தாகிவிட்டால் கடன் போய்விடுமா?

போகாது. வழக்கு மறுபடி கோப்புக்கு வரும், அவ்வளவுதான். வங்கி திரும்ப நிரூபிக்க வேண்டும், நீங்கள் எதிர்த்துப் பேசலாம். பேச எதுவும் இல்லாவிட்டால் இவ்வளவு பாடுபட்டும் பயனில்லை. வட்டி ஓடிக்கொண்டே இருக்கிறது. 4 லட்சத்துக்கு ஆண்டுக்கு 12% தனிவட்டி என்று வைத்தாலே வருஷம் 48,000 ரூபாய். இழுத்தடித்து நான்கு வருஷம் ஆனால் 1,92,000 கூடி, செலவுத்தொகை இல்லாமலே 5,92,000 ஆகிவிடும்.

பேசத் தகுந்த வாதங்கள் எவை? அடமானம் இல்லாத கடனுக்குப் பொதுவாக மூன்று வருஷம்தான் வழக்குப் போடக் கெடு. வங்கிகள் அதை நீட்டிக்கக் கடன் ஒப்புதல் கடிதத்தில் கையெழுத்து வாங்கிவைப்பார்கள். அந்தக் கையெழுத்து மூன்று வருஷம் முடிவதற்கு முன் போட்டதா, பின் போட்டதா என்று பாருங்கள். முடிந்தபிறகு வெறுமனே பாக்கியை ஒப்புக்கொண்ட கடிதம் கெடுவுக்கு உயிர் கொடுக்காது, தருகிறேன் என்று எழுத்தில் உறுதி கொடுத்திருந்தால் விஷயம் வேறு. கட்டிய தவணை கணக்கில் வரவு வைக்கப்பட்டிருக்கிறதா, அபராத வட்டி ஒப்பந்தத்தில் இருக்கிறதா, கடனுக்குச் சேர்த்துப் பிடித்த இன்சூரன்ஸ் என்ன ஆனது என்றும் பார்க்க வேண்டும்.

மேலூர் மச்சான் கதை தனி. ஜாமீன்தாரின் பொறுப்பு கடன்காரரின் பொறுப்புக்குச் சமம், வங்கி அவரை நேரடியாகவே பிடிக்கலாம். "மாப்ளைகிட்ட முதல்ல வசூல் பண்ணுங்க" என்று அவர் சொல்வது வாதமாகாது. அவருக்கு மேலூரில் சம்மன் ஒழுங்காகச் சார்வாகி, அவர் போகாமல் இருந்திருந்தால், வில்லாபுரத்துக்காரர் ரத்து வாங்கியதும் அவரும் தப்பித்தார் என்று ஆகாது. டிக்ரியைப் பிரிக்கவே முடியாத தன்மை இருந்தால் மட்டும் மற்றவர்களுக்கும் சேர்த்து நீதிமன்றம் ரத்து செய்யலாம். கையெழுத்துப் போட்டவர் தனக்கென்று தனியாக மனு போடுவதே பாதுகாப்பு.

இதற்கிடையில் பயப்பட வேண்டாத சில விஷயங்கள். டிக்ரிக்குச் சம்பளத்தில் முழுதும் பிடிக்க முடியாது: முதல் 1,000 ரூபாயும், மிச்சத்தில் மூன்றில் இரண்டு பங்கும் உங்களுக்கு. 25,000 சம்பளம் என்றால் அதிகபட்சம் 8,000. ஒரே டிக்ரிக்காக மொத்தம் 24 மாதம் பிடித்தாகிவிட்டால் அதற்குமேல் அந்த டிக்ரிக்குச் சம்பளத்தைத் தொட முடியாது. பணம் இல்லாத ஏழை என்ற காரணத்துக்காக மட்டும் சிறைக்கு அனுப்பவும் முடியாது. கொடுக்க வசதி இருந்தும் கெட்ட எண்ணத்தோடு ஏமாற்றினால்தான் அது, 1980-இல் கொச்சி வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. ஆனால் டிக்ரிக்கு 12 வருஷம் உயிர் உண்டு, 'மூணு வருஷம் ஒளிஞ்சிருந்தா போதும்' என்று டீக்கடையில் சொல்வதைக் கேட்காதீர்கள்.

உங்களுக்கு வந்திருப்பது இந்த வகைக் காகிதம்தானா என்பதையும் பார்த்துவிடுங்கள். கடன் பாக்கி 20 லட்சமோ அதற்கு மேலோ என்றால் வங்கி சிவில் கோர்ட்டுக்குப் போகாது, மதுரையில் இருக்கும் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போகும். அங்கேயும் எக்ஸ்-பார்ட்டி உத்தரவை ரத்து செய்யக் கேட்கலாம். அதை விட்டுவிட்டு அப்பீலுக்குப் போனால், தீர்மானித்த தொகையில் பாதியைக் கட்டச் சொல்வார்கள், குறைத்தாலும் 25 சதவீதத்துக்குக் கீழே போகாது. வீட்டுக் கதவில் சர்பாசி நோட்டீஸ் (அடமானச் சொத்தை வங்கியே நேரடியாக எடுத்துக்கொள்ள வழிசெய்யும் சட்டத்தின் கீழ் வருவது) ஒட்டியிருந்தால் அது டிக்ரியே அல்ல, அதற்கு வழி வேறு, கெடுவும் வேறு: சுவாதீன நடவடிக்கை எடுத்ததிலிருந்து 45 நாள். தனியார் வங்கிகளும் பைனான்ஸ் கம்பெனிகளும் நடுவர் (ஆர்பிட்ரேட்டர்) தீர்ப்பு வாங்கிவிட்டு ஈ.பி. போடுவதும் உண்டு. அங்கே ரூல் 13 செல்லாது, அந்தத் தீர்ப்பை ரத்து செய்யக் கேட்கக் கெடு, நகல் கையில் கிடைத்ததிலிருந்து மூன்று மாதம், சரியான காரணம் இருந்தால் இன்னும் 30 நாள், அதற்குமேல் ஒரு நாள்கூடக் கிடையாது.

வக்கீல் வைக்க வசதி இல்லாதவர்கள் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேட்கலாம். பெண்களுக்கும் பட்டியல் இனத்தவர், பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமலேயே இலவச வக்கீல் உண்டு. 15100 என்ற எண்ணில் விசாரிக்கலாம்.

கடன் உண்மை, தொகையில்தான் தகராறு என்றால், வழக்கு கோப்புக்குத் திரும்பியதும் மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பக் கேளுங்கள். டிக்ரி கையில் இருக்கும் வங்கியைவிட, மறுபடி சாட்சி சொல்ல வேண்டியிருக்கும் வங்கி வட்டியைக் குறைக்கச் சீக்கிரம் சம்மதிக்கும். அங்கே போடும் கையெழுத்துக்கு அப்பீல் கிடையாது. அதனால் ஒரு தவணை தவறினால் குறைத்த தொகை செல்லாது, முழுப் பாக்கியும் வட்டியோடு வரும் என்ற வரி அதில் இருக்கிறதா என்று படித்துவிட்டு, தவணைத் தேதியைச் சம்பளத் தேதிக்குப் பின்னால் தள்ளிப் போடச் சொல்லிக் கையெழுத்துப் போடுங்கள்.